தோற்காத அணிக்கு வராத அழைப்பு: சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்தின் 1951 கால்பந்துப் பருவம்

முன்னுரை

1951ஆம் ஆண்டில் சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்தின் அமெரிக்கக் கால்பந்து அணி ஒன்பது ஆட்டங்கள் ஆடி ஒன்பதிலும் வென்றது. ஆயினும், புத்தாண்டையொட்டி நடக்கும் பௌல் ஆட்டங்கள் எதிலும் அதற்கு இடம் கிடைக்கவில்லை. அடுத்த பருவத்தில் களமிறங்க அணியே இல்லை. பல்கலைக்கழகம் அதைக் கலைத்துவிட்டது. இதற்கு இரண்டு விளக்கங்கள் வழங்கி வருகின்றன. இரு கறுப்பின வீரர்களை விட்டுவிட்டு வரச் சொன்னபோது அணி மறுத்தது, அதற்கு அணியையே விலையாகக் கொடுத்தது என்பது ஒன்று. மோதிய அணிகள் வலுவற்றவை, அதனால் அழைப்பு வரவில்லை என்பது மற்றொன்று. இரண்டும் முழுமையானவை அல்ல. ஏற்கெனவே பணநெருக்கடியில் தவித்த அணிக்கு எஞ்சியிருந்த வழியை நிறத்தடை அடைத்தது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

அணியின் வலிமை

பயிற்சியாளர் ஜோ குஹாரிச்சின் இந்த அணியில் ஆலி மாட்சன், பர்ல் டோலர் என்ற இரு கறுப்பின வீரர்கள் இருந்தனர். இருவரும் சான் பிரான்சிஸ்கோ சிட்டி காலேஜில் ஆடிவிட்டு இங்கு வந்தவர்கள். அந்தப் பருவத்தில் மாட்சன் பந்தை ஏந்தி 1,566 யார்டு ஓடினார். நாட்டிலேயே அதுதான் முதலிடம். நியூயார்க்கில் ஃபோர்டம் பல்கலைக்கழகத்துடன் நடந்த ஆட்டம் அவருடைய திறனுக்குத் தக்க சான்று. எதிரணி உதைத்தனுப்பிய பந்தைத் தன் எல்லையருகே பிடித்து, ஏறத்தாழ மைதானம் முழுவதையும் கடந்து டச்டவுன் அடித்தார். அதே ஆட்டத்தில் மீண்டும் ஒருமுறை அதைச் செய்து காட்டினார். 32-26 என்று முடிந்த ஆட்டத்தில் அந்த இரண்டு ஓட்டங்களும் இல்லையென்றால் வெற்றியே இல்லை. மாட்சன், ஜினோ மார்ச்செட்டி, பாப் செயின்ட் கிளேர் ஆகிய மூவரும் பின்னாளில் தொழில்முறைக் கால்பந்தின் புகழரங்கில் இடம்பெற்றனர்.

அழைப்பின் பொருளாதாரம்

அக்காலக் கல்லூரிக் கால்பந்தில் சாம்பியனைத் தீர்மானிக்கும் தேசியப் போட்டித் தொடர் கிடையாது. மியாமியின் ஆரஞ்சு பௌல், நியூ ஆர்லியன்ஸின் சுகர் பௌல் போன்றவற்றுக்கு யாரை அழைப்பது என்பதை அந்தந்த நகரத்துக் குழுக்களே முடிவு செய்தன. அழைக்கப்படும் கல்லூரிக்கு வருவாயில் பங்கு உண்டு. சிறிய கத்தோலிக்கக் கல்லூரிகளுக்கு அந்தப் பணம் பெரிது. செலவைத் தாங்க முடியாமல் அதே மாநிலத்தின் செயின்ட் மேரிஸ் கல்லூரி 1950 பருவத்தோடு கால்பந்தைக் கைவிட்டது. 1951 பருவத்தோடு லயோலாவும், 1952 பருவத்தோடு சான்டா கிளாராவும் கைவிட்டன. நிறத்தடை இல்லாமலே இத்தனை அணிகள் மறைந்திருக்கும்போது, அணி கலைந்ததற்கு மறுப்பு மட்டுமே காரணம் என்பது ஏற்கத்தக்கதன்று.

நிபந்தனை சொல்லும் உண்மை

இனி இரண்டாம் விளக்கத்துக்கு வருவோம். ஸ்டான்ஃபோர்டு, கலிஃபோர்னியா போன்ற பெரிய அணிகளோடு சான் பிரான்சிஸ்கோ அந்த ஆண்டு மோதவில்லை. எதிரணிகளில் இராணுவ முகாம் அணிகளும் இருந்தன. அசோசியேட்டட் பிரஸ் தரவரிசையில் அதற்குக் கிடைத்தது 14ஆம் இடமே. இவையெல்லாம் உண்மை. ஆனால் அந்த அணியிடம் 47-14 என்று தோற்ற பசிபிக் கல்லூரிக்கு சன் பௌல் அழைப்பு கிடைத்தது. வென்றவருக்குத் தகுதி இல்லை, தோற்றவருக்கு உண்டு என்றால், எதிரணிகளின் வலிமையை அளவுகோலாகக் காட்டுவது எடுபடாது.

இன்னொரு சான்று இதைவிட முக்கியமானது. மாட்சனும் டோலரும் இல்லாமல் வந்தால் இடம் உண்டு என்று தெரிவிக்கப்பட்டதாகவும், தாங்கள் ஒரே குரலில் மறுத்ததாகவும் அணியினர் பிற்காலத்தில் சாட்சி சொன்னார்கள். இவை பல ஆண்டுகளுக்குப் பின் பதிவான வாய்மொழிகள் என்பதால் கவனமாகக் கையாள வேண்டியவை. எனினும் கறுப்பின வீரர்கள் உள்ள அணிகளைத் தென்மாநில பௌல் குழுக்கள் ஏற்பதில்லை என்று வர்ணனையாளர் ஐரா புளூ அக்காலத்திலேயே தெரிவித்திருந்தார். தகுதியற்ற அணிக்கு எவரும் நிபந்தனை விதிப்பதில்லை. அணியின் மிகச் சிறந்த வீரரை நீக்கிவிட்டு வரச் சொன்னவர்கள், அவர் இல்லாத அணியையே தகுதியுள்ளதாகக் கருதினார்கள் என்றாகிறது. அப்படியிருக்க, மாட்சனோடு சேர்ந்த அணியின் ஆட்டத்தரத்தில் அவர்கள் எப்படிக் குறை காண முடியும்?

அது அக்கால வழக்கம், குழுக்களால் வேறு என்ன செய்ய முடியும் என்று கேட்பவர்கள் உண்டு. 1948ஆம் ஆண்டிலேயே டல்லாஸ் நகரின் காட்டன் பௌலில் பென் ஸ்டேட் அணி தன் கறுப்பின வீரர்களான வாலஸ் டிரிப்லெட், டென்னி ஹோகார்டு இருவருடனும் ஆடியது. டெக்சாஸில் முடிந்தது மற்ற ஊர்களில் முடியாமல் போனதற்கு வழக்கத்தைக் காரணம் காட்ட முடியாது. அது விரும்பி எடுத்த முடிவு.

அதே பருவம், வேறொரு களம்

1951 அக்டோபர் 20 அன்று ஓக்லஹோமாவின் ஸ்டில்வாட்டரில் டிரேக் பல்கலைக்கழகத்தின் கறுப்பின வீரர் ஜானி பிரைட்டின் தாடை உடைக்கப்பட்டது. கையில் பந்தே இல்லாத நிலையில் அவர் தாக்கப்பட்டதைக் காட்டும் படங்கள் 1952இல் புலிட்சர் பரிசு பெற்றன. தாக்கிய அணி சார்ந்த பல்கலைக்கழகம் முறையாக மன்னிப்புக் கேட்டது 2005இல்தான். ஒரு களத்தில் கை ஓங்கிச் செய்ததை இன்னொரு களத்தில் அழைப்பிதழை நிறுத்திச் செய்தார்கள். இரண்டையும் ஒரே அமைப்பின் செயலாகப் படிப்பதே முறை.

முடிவுரை

அந்த மறுப்பில் போற்றத்தக்கது எது? மாட்சனுக்கும் டோலருக்கும் நேர்ந்த அவமதிப்பை வெள்ளையின வீரர்கள் தங்களுடையதாகக் கொண்டார்கள். தங்கள் வாழ்வின் பெரிய ஆட்டத்தை இழந்தார்கள். செயின்ட் கிளேர் போன்றவர்கள் கல்லூரியே மாற வேண்டியிருந்தது. முழங்கால் காயத்தால் தொழில்முறை ஆட்டத்தை இழந்த டோலர், 1965இல் என்.எஃப்.எல். அமைப்பின் முதல் கறுப்பின நடுவரானார். அப்போது அதன் ஆணையர் பீட் ரோசெல், 1951இல் இதே அணியின் செய்தித் தொடர்பாளராக இருந்தவர். கலிஃபோர்னியாவை வெள்ளையருக்கே உரியதாக வைத்திருப்போம் என்று வாக்குக் கேட்ட ஜேம்ஸ் ஃபீலனின் பெயர் தாங்கிய மாணவர் விடுதிக்கு, 2017இல் பல்கலைக்கழகம் டோலரின் பெயரைச் சூட்டியது. இந்த மரியாதைகள் வேண்டியவைதாம். ஆனால் வீரர்களின் பெருந்தன்மையைப் பாராட்டுவதோடு வரலாறு நின்றுவிடக் கூடாது. அழைக்கும் அதிகாரத்தைக் கையில் வைத்திருந்தவர்கள் அதை எப்படிப் பயன்படுத்தினார்கள் என்று கேட்பதுதான் ஆய்வாளரின் முதற்கடமை.