குவாய் நதிப் பாலம்: ஏழு ஒஸ்கார் விருதுகளும் எண்ணப்படாத உயிர்களும்

கண்டியிலிருந்து கம்பளை, நாவலப்பிட்டி வழியாகச் செல்லும் வீதி, கினிகத்தேனையில் அட்டன் - அவிசாவளைப் பிரதான வீதியுடன் இணைந்து மலைச்சரிவில் இறங்கிக் கித்துல்கலவை அடைகிறது. அங்கே களனி கங்கையின் இரு கரைகளிலும் காடு மண்டிய ஓரிடத்தில், பழைய கொங்கிரீட் அடித்தளங்களின் எச்சங்களைக் காணலாம். 1957 ஆம் ஆண்டில் தகர்க்கப்பட்ட ஒரு மரப்பாலத்தின் அடையாளமாக இன்று எஞ்சியிருப்பவை அவை மட்டுமே. ஆனால், அந்தப் பாலத்தை மையமாகக் கொண்டு எடுக்கப்பட்ட 'த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்' என்ற ஆங்கிலத் திரைப்படம் உலக சினிமா வரலாற்றில் அழியாத இடத்தைப் பெற்றுவிட்டது.

இத்திரைப்படம் ஈட்டிய விருதுகள் யாவை, அவை யாருக்குச் சென்றன, யாருக்குச் சென்றிருக்க வேண்டும் என்பன திரைப்பட ஆர்வலர்களுக்கு மட்டும் உரிய வினாக்களல்ல. உண்மையான ஒரு போர்க்கால நிகழ்வையும் உண்மையான மனிதர்களின் துயரத்தையும் அடியொற்றிய படைப்பொன்று விருதுகளால் முடிசூட்டப்படும்போது, அது சொன்ன கதையே வரலாறாக நிலைபெற்றுவிடுகிறது. அவ்வாறு நிலைபெற்ற கதையில் பல்லாயிரம் தமிழர்களுக்கு இடமிருக்கவில்லை என்பதே நாம் கவனத்திற் கொள்ள வேண்டிய விடயமாகும்.

போர்க்காலக் கண்டி

இத்திரைப்படத்துக்கும் இலங்கைக்குமான தொடர்பு படப்பிடிப்புடன் தொடங்கியதல்ல. இரண்டாம் உலகப் போரின்போது நேசநாடுகளின் தென்கிழக்காசியக் கட்டளைத் தலைமையகம் 1944 ஏப்ரலில் டில்லியிலிருந்து கண்டிக்கு மாற்றப்பட்டது. பிரதம தளபதியான மவுண்ட்பேட்டன் பிரபு கண்டி நகரில் தங்கியிருந்து, பேராதனைத் தாவரவியற் பூங்காவிலிருந்து பர்மாப் போர்முனையை நெறிப்படுத்தினார். படத்தின் கதையும் ஒரு கட்டத்தில் இலங்கைக்கு வருகிறது. சிறைமுகாமிலிருந்து தப்பிய அமெரிக்கர் இங்கே வைத்தியசாலையில் தேறி, பாலத்தைத் தகர்க்கும் இரகசியப் படையில் சேர்க்கப்படுகிறார். அந்த வைத்தியசாலைக் காட்சிகளுக்குக் கல்கிசை ஹோட்டல் பயன்படுத்தப்பட்டது.

பாலம் தகர்க்கப்படும் காட்சி 1957 மார்ச் மாதத்தில் கித்துல்கலவில் படமாக்கப்பட்டது. அப்போதைய பிரதமர் எஸ்.டபிள்யூ.ஆர்.டி. பண்டாரநாயக்க அதனை நேரில் காண வந்திருந்தார். முதல் முயற்சியின்போது படப்பிடிப்பாளர் ஒருவர் பாதுகாப்பான இடத்தை அடைந்துவிட்டாரா என்பது உறுதியாகாததால் வெடிவைப்பு நிறுத்தப்பட்டது. பாலத்தைக் கடந்த ரயில் மறுகரையில் மின்பிறப்பாக்கியொன்றில் மோதிச் சேதமடைந்தது. அது சீர்செய்யப்பட்டு, மறுநாட் காலையில் பாலமும் ரயிலும் ஒருசேர ஆற்றில் வீழ்த்தப்பட்டன.

விருதுகளின் பட்டியல்

30 ஆவது அக்கடமி விருது விழா 1958 மார்ச் 26 ஆம் திகதி நடைபெற்றது. இத்திரைப்படம் எட்டுப் பிரிவுகளில் பரிந்துரைக்கப்பட்டு ஏழில் வென்றது. சிறந்த திரைப்படத்துக்கான ஒஸ்கார் தயாரிப்பாளர் சாம் ஸ்பீகலுக்கும், சிறந்த இயக்குநர் விருது டேவிட் லீனுக்கும், சிறந்த நடிகர் விருது கேணல் நிக்கல்சனாக நடித்த அலெக் கின்னஸுக்கும் கிடைத்தன. ஒளிப்பதிவுக்காக ஜக் ஹில்ட்யார்டும், படத்தொகுப்புக்காகப் பீற்றர் டெய்லரும், இசைக்காக மல்கம் ஆர்னல்டும் கௌரவிக்கப்பட்டனர். தழுவல் திரைக்கதைக்கான விருது மூலநாவலின் ஆசிரியரான பியர் பூலின் பெயருக்கு வழங்கப்பட்டது.

தவறிய ஒரேயொரு விருது சிறந்த துணை நடிகருக்கானது. சிறைமுகாமின் தளபதி சைட்டோவாக நடித்த ஜப்பானியக் கலைஞர் செசு ஹயகாவா அதற்குப் பரிந்துரைக்கப்பட்டிருந்தார். எனினும், 'சயொனாரா' படத்தில் நடித்த ரெட் பட்டன்ஸே அவ்விருதைப் பெற்றார். அந்த ஆண்டில் 'சயொனாரா' பத்துப் பரிந்துரைகளைப் பெற்று நான்கில் மாத்திரமே வென்றது என்பதோடு ஒப்பிட்டால், எட்டுக்கு ஏழு என்ற இந்தப் பெறுபேற்றின் சிறப்பு விளங்கும்.

கோல்டன் குளோப் விருதுகளில் சிறந்த திரைப்படம், இயக்குநர், நடிகர் ஆகிய மூன்றும் இப்படத்துக்கே கிடைத்தன. பிரித்தானியத் திரைப்பட அக்கடமி சிறந்த திரைப்படம், சிறந்த பிரித்தானியத் திரைப்படம், சிறந்த பிரித்தானிய நடிகர், சிறந்த பிரித்தானியத் திரைக்கதை ஆகிய நான்கு விருதுகளை வழங்கியது. நியூயோர்க் திரைப்பட விமர்சகர் வட்டமும் படத்தையும் இயக்குநரையும் நடிகரையும் தெரிவு செய்தது. பிற்காலத்தில், 1997 இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இப்படம் சேர்க்கப்பட்டது. 1999 இல் பிரித்தானியத் திரைப்பட நிறுவகம் வெளியிட்ட நூறு சிறந்த பிரித்தானியத் திரைப்படங்களின் பட்டியலில் 11 ஆம் இடத்தைப் பெற்றது.

மறைக்கப்பட்ட இரு பெயர்கள்

இந்தப் பட்டியலில் ஒரு விருது நீண்டகாலமாக உறுத்திக்கொண்டிருந்தது. பியர் பூல் பிரெஞ்சு எழுத்தாளர். அவர் இத்திரைக்கதையை எழுதவில்லை. எழுதியவர்கள் கார்ல் ஃபோர்மன், மைக்கல் வில்சன் ஆகிய இருவர். அமெரிக்காவில் கம்யூனிச எதிர்ப்பு அலை வீசிய காலத்தில் ஹொலிவூட்டின் கறுப்புப் பட்டியலில் இடம்பெற்றிருந்த காரணத்தினால் அவர்களது பெயர்கள் திரையில் காட்டப்படவில்லை.

1984 ஆம் ஆண்டில்தான் அக்கடமி தனது பதிவைத் திருத்தி, அவ்விருது ஃபோர்மனுக்கும் வில்சனுக்கும் உரியதென ஏற்றுக்கொண்டது. வில்சன் 1978 இலேயே காலமாகிவிட்டார். ஃபோர்மனும் 1984 ஜூனில் மறைந்தார். உரியவர்கள் இல்லாத நிலையிலேயே சிலைகள் அவர்களது குடும்பத்தினரைச் சென்றடைந்தன. காலம் தாழ்த்தியேனும் தவறு திருத்தப்பட்டமை பாராட்டுக்குரியது. விருதுப் பதிவேடு மாற்ற முடியாத கல்வெட்டு அல்ல என்பதையும் அது உணர்த்துகிறது.

இதே வில்சன், இதே ஸ்பீகல், இதே லீன் ஆகியோர் அடுத்து இணைந்த படம் 'லோரன்ஸ் ஒஃப் அரேபியா' (1962). அது ரி.ஈ. லோரன்ஸின் வாழ்க்கையை நேரடியாகச் சொன்ன போர்த் திரைப்படம். பத்துப் பரிந்துரைகளில் ஏழு ஒஸ்கார் விருதுகளை அதுவும் வென்றது. அப்படத்திலும் வில்சனின் பெயர் விடுபட்டு, 1995 இலேயே அமெரிக்க எழுத்தாளர் சங்கத்தால் அவரது பங்களிப்பு ஏற்கப்பட்டது. அதில் காட்டப்பட்டவர் தமது சகோதரர் அல்லர் என லோரன்ஸின் தம்பி ஆட்சேபித்ததும் நினைவுகூரத்தக்கது. வாழ்க்கை வரலாறு என்ற பெயருடன் வரும் படமே இத்தகைய சர்ச்சைக்கு உள்ளாகும்போது, புனைகதையாக வந்து வரலாறாக ஏற்கப்பட்ட 'குவாய்' படத்தைப் பற்றிக் கூறவேண்டியதில்லை.

கேணல் நிக்கல்சனும் கேணல் டூசியும்

படத்தின் நாயகன் நிக்கல்சன், எதிரிக்காகக் கட்டும் பாலத்தைத் தனது படையணியின் பெருமையாகக் கருதி, அதனைச் செம்மையாகக் கட்டி முடிப்பதில் வெறிகொள்கிறார். தாய்லாந்தின் தமர்கான் முகாமில், உண்மையான பாலங்கள் கட்டப்பட்டபோது போர்க்கைதிகளின் மூத்த அதிகாரியாக இருந்தவர் லெப்டினன்ட் கேணல் பிலிப் டூசி. அவர் நிக்கல்சனுக்கு நேரெதிரானவர். கைதிகள் கறையான்களைச் சேகரித்து மரத்தூண்களில் விட்டதும், கொங்கிரீட் கலவையைத் தரக்குறைவாகக் கலந்ததும் அவரது காலத்தில் நடந்தவை. தம்முடைய ஆட்களுக்காகப் பேசி அடிவாங்கியவர் அவர். அதேவேளை ஒழுங்கு, சுகாதாரம், உணவுப் பங்கீடு ஆகியவற்றில் விட்டுக்கொடுக்காமல் பலரது உயிர்களைக் காத்தார்.

உண்மையான சைட்டோ கேணல் தரத்தவர் அல்லர். முகாமின் இரண்டாம் நிலையில் இருந்த சார்ஜன்ட் மேஜர். மற்றவர்களோடு ஒப்பிடுகையில் மனிதாபிமானத்துடன் நடந்துகொண்டார் என்பதற்காகப் போரின் பின்னர் டூசி அவருக்காகப் பரிந்து பேசினார். டூசி 1975 இல் காலமான பின்னர், சைட்டோ இங்கிலாந்து சென்று அவரது கல்லறையில் அஞ்சலி செலுத்தினார். திரைக்கதையாசிரியர் எவரும் கற்பனை செய்யாத காட்சி இது.

பாலத்தைக் கொமாண்டோக்கள் வெடிவைத்துத் தகர்க்கவுமில்லை. 1945 இல் நேசநாடுகளின் விமானத் தாக்குதல்களிலேயே அது சேதமடைந்தது. பின்னர் செப்பனிடப்பட்ட இரும்புப் பாலத்தின் மீது இன்றும் ரயில்கள் ஓடுகின்றன. அது அமைந்திருந்த ஆற்றின் பெயர் மே குலோங். படத்தைப் பார்த்துவிட்டு 'குவாய் நதி'யைத் தேடிவந்த உல்லாசப் பயணிகளின் பொருட்டு, 1960 இல் தாய்லாந்து அரசு அந்த ஆற்றுப் பகுதிக்குக் குவே யாய் எனப் பெயர் சூட்டியது. ஒரு திரைப்படம் ஓர் ஆற்றின் பெயரையே மாற்றிவிட்டதென்றால், மனித நினைவை அது எவ்வளவு தூரம் மாற்றியிருக்கும்?

படத்தில் இல்லாதவர்கள்

தாய்லாந்தின் பான் பொங்கிலிருந்து பர்மாவின் தன்பியூசயாத் வரை 415 கிலோமீற்றர் நீளமான அந்தப் புகையிரதப் பாதை 1942 இல் தொடங்கப்பட்டு 1943 ஒக்டோபரில் முடிக்கப்பட்டது. அதில் 60,000 க்கும் அதிகமான நேசநாட்டுப் போர்க்கைதிகள் ஈடுபடுத்தப்பட்டனர். 12,000 க்கும் மேற்பட்டோர் மாண்டனர். ஆசியத் தொழிலாளர்களோ 1,80,000 முதல் 2,50,000 வரையானோர் என மதிப்பிடப்படுகின்றனர். அவர்களில் ஏறத்தாழ 90,000 பேர் உயிரிழந்தனர் என்பது பொதுவாக ஏற்கப்படும் கணக்கு. மலாயாவிலிருந்து கொண்டு செல்லப்பட்ட 70,000 க்கும் மேற்பட்டோரில் பெரும்பான்மையினர் தோட்டத் தொழிலாளர்களான தமிழர்கள்.

போர்க்கைதிகளுள் ஐவரில் ஒருவர் இறந்தார் என்றால், ஆசியத் தொழிலாளர்களுள் இருவருக்கு ஒருவர் என்ற அளவை நெருங்கும் வகையில் மரணம் நிகழ்ந்தது. பசியும் அடியும் கடும் வேலையும் இரு சாராருக்கும் பொதுவானவை. ஆனால் போர்க்கைதிகளிடம் இராணுவக் கட்டமைப்பு இருந்தது, அதிகாரிகள் இருந்தனர், வைத்தியர்கள் இருந்தனர். நீரைக் கொதிக்க வைத்துக் குடிக்கவும், மலகூடங்களை முறையாகத் தோண்டவும் அவர்களுக்குக் கட்டளையிட ஆளிருந்தது. கூலி தருவதாக ஆசைகாட்டியும் பலவந்தமாகவும் தோட்டங்களிலிருந்து ஏற்றிச் செல்லப்பட்ட தமிழர்களுக்கு இவையெதுவும் இருக்கவில்லை. 1943 இன் மழைக்காலத்தில் வாந்திபேதி பரவியபோது அவர்களது குடிசைகள் அப்படியே பிணக்கிடங்குகளாயின. டூசி போன்ற ஒருவர் அவர்களுக்கு வாய்க்கவில்லை. ஒழுங்கு உயிர் காக்கும் என்பதே அந்தப் பாதையின் உண்மையான படிப்பினை. படமோ ஒழுங்கையே ஒரு மனிதனின் மதிமயக்கமாகச் சித்திரித்தது.

மூலநாவலை எழுதிய பியர் பூல், போருக்கு முன்னர் மலாயாவின் இறப்பர்த் தோட்டமொன்றில் பணிபுரிந்தவர். தமிழ்த் தொழிலாளர்களை அவர் அன்றாடம் கண்டிருப்பார். எனினும் ஏழு ஒஸ்கார் விருதுகளை வென்ற அந்தப் படத்தில், பேர் சொல்லத்தக்க ஒரு பாத்திரமாகக்கூட அவர்களில் எவரும் தோன்றவில்லை.

நமது கடமை

கண்டியிலுள்ள பொதுநலவாய யுத்த மயானத்தில் பிரித்தானியருடன் கிழக்காபிரிக்க, இந்திய, இலங்கைப் படையினரும் தத்தம் பெயர் பொறித்த கற்களின் கீழ் துயில்கின்றனர். தாய்லாந்தின் காஞ்சனபுரி யுத்த மயானத்தில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகளுக்குக் கல்லறைகள் உள்ளன. பாதையோரத்தில் மடிந்த தமிழர்களுக்கு அத்தகைய பெயர்க் கற்கள் இல்லை.

அவர்களை நினைவில் வைத்திருந்தது பெரும்பாலும் தமிழே. மலேசிய எழுத்தாளர் ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' ஆகிய நாவல்கள் அந்தத் துயரைப் பதிவு செய்தன. 2023 ஆம் ஆண்டில் காஞ்சனபுரியில் தமிழர்களுக்கென ஒரு நடுகல் எழுப்பப்பட்டது. இவற்றுக்கு ஒஸ்கார் இல்லை. கோல்டன் குளோப் இல்லை. ஆயினும் உண்மைக்கு நெருக்கமானவை இவையே.

மலையக மக்களுக்கு இது அந்நிய வரலாறு அல்ல. அவர்களின் மூதாதையரைக் கண்டிச் சீமைக்கு அழைத்துவந்த அதே கங்காணி முறையே அவர்களது உறவினரை மலாயாவுக்கும் அழைத்துச் சென்றது. எந்தக் கப்பலில் ஏறினார்கள் என்பதே ஒரு குடும்பத்தின் விதியைத் தீர்மானித்தது. அந்த மரண ரயிலின் கதையைச் சொன்ன படம், அவர்களது தோட்டங்களுக்கு அண்மையிலேயே எடுக்கப்பட்டது என்பது வரலாற்றின் விநோதம்.

கித்துல்கலவுக்கு வரும் உல்லாசப் பயணிகளுக்கு இந்த உண்மையைச் சிங்களம், தமிழ், ஆங்கிலம் ஆகிய மும்மொழிகளிலும் எடுத்துரைக்கும் ஒரு நினைவுப் பலகை ஆற்றங்கரையில் அமைவது பெரிய செலவுக்குரிய காரியமல்ல. நமது பாடசாலைகளும் பல்கலைக்கழகங்களும் இவ்வரலாற்றைக் கற்பிக்க முன்வர வேண்டும். இரு திரைக்கதையாசிரியர்களின் பெயர்களைப் பதிவேட்டில் சேர்க்க இருபத்தாறு ஆண்டுகள் ஆயின. பல்லாயிரம் தொழிலாளர்களின் பெயர்களை மீட்பது இனி இயலாமற் போகலாம். ஆனால், அவர்கள் அங்கே இருந்தார்கள் என்று சொல்வதற்கு எவருடைய அனுமதியும் நமக்குத் தேவையில்லை.