நெமிசிஸ்: சூரியனுக்குக் கற்பித்த துணை

நெமிசிஸ், சூரியனோடு சேர்ந்து ஓர் இரட்டை விண்மீனாகச் சுற்றுவதாக 1984இல் முன்மொழியப்பட்டு, இன்றுவரை எவர் கண்ணிலும் படாத விண்மீன். சூரியனைப் போன்ற விண்மீன்களில் ஏறக்குறையப் பாதி துணையோடுதான் இருக்கின்றன. ஆகவே சூரியனுக்கும் ஒன்று இருக்கக்கூடும் என்று எண்ணியதில் வியப்பில்லை. வியப்பு, அந்த எண்ணம் எங்கே பிறந்தது என்பதில் இருக்கிறது. வானில் எந்த ஒளிப்புள்ளியும் அதைத் தூண்டவில்லை. கடலுயிர்களின் புதைபடிவப் பட்டியல் ஒன்று தூண்டியது. தொலைநோக்கிகள் தேடிப் பார்த்துக் கைவிட்டதால் நெமிசிஸ் மறைந்தது என்று பொதுவாக எழுதுகிறார்கள். அது பாதிக் கதை. அதைப் பெற்ற பட்டியலே அதற்கு எமனாகவும் ஆயிற்று.

1980இல் லூயி ஆல்வாரெஸ், அவர் மகன் வால்டர் ஆகியோரின் குழு, இத்தாலியின் குப்பியோ நகரருகே களிமண் படிவு ஒன்றில் மிகுந்திருந்த இரிடியத்தைக் காட்டி, விண்ணிலிருந்து விழுந்த பெரும்பொருளே டைனோசர்களை அழித்தது என்றது. 1984 தொடக்கத்தில் சிகாகோ பல்கலைக்கழகத்தின் டேவிட் ரவுப்பும் ஜாக் செப்கோஸ்கியும் கடந்த 25 கோடி ஆண்டுகளின் உயிரின அழிவுகளை வரிசைப்படுத்தி, அவை சுமார் 2 கோடியே 60 லட்சம் ஆண்டுக்கு ஒருமுறை திரும்புவதாக அறிவித்தனர். பூமியில் இவ்வளவு நீண்ட தவணையில் இயங்கும் பொறி எதுவும் தெரியவில்லை. அதே ஆண்டு ஏப்ரலில் ‘நேச்சர்’ இதழின் ஒரே வெளியீட்டில் டேவிஸ், ஹட், முல்லர் மூவரும், விட்மயர், ஜாக்சன் இருவரும் தனித்தனியே ஒரே விடையைத் தந்தார்கள்: நீள்வட்டப் பாதையில் வரும் மங்கலான துணை விண்மீன், சூரியனை நெருங்கும்போதெல்லாம் சூரியக் குடும்பத்தின் வெளிவிளிம்பில் வால்மீன்கள் நிறைந்த ஊர்ட் மேகத்தைக் கலைத்து அவற்றை உள்ளே சிதறவிடுகிறது. சுற்றுக்காலம் தெரிந்துவிட்டால் கெப்ளர் விதியே தொலைவைச் சொல்லிவிடும்: சராசரியாக 1.4 ஒளியாண்டு, மிகத் தள்ளிப் போனாலும் 3 ஒளியாண்டுக்குள்.

பெயரிலேயே பூசல் தொடங்கியது. முல்லர் குழு காளி, இந்திரன் என்ற பெயர்களையும் யோசித்திருந்தது. பழிவாங்கும் கிரேக்கத் தெய்வத்தின் பெயர் பொருந்தாது, சிவன் என்று வையுங்கள் எனத் தொல்லுயிரியலாளர் ஸ்டீபன் ஜே கூல்ட் ஒரு கட்டுரையே எழுதினார். அழிவு ஆக்கத்துக்கும் வழிவிடுகிறது என்பது அவர் வாதம். 1985இல் ‘நியூயார்க் டைம்ஸ்’ தலையங்கம் இன்னும் கடுமையாகப் பேசியது. மண்ணில் நடப்பவற்றுக்கு விண்மீன்களில் காரணம் தேடும் வேலையைச் சோதிடர்களுக்கு விட்டுவிடலாம் என்றது. தலையங்கத்தின் கேலி சுவையானதுதான், ஆனால் குறி தவறியது. சோதிடம் எந்தக் கணிப்பையும் பொய்யாக விடாது. நெமிசிஸோ எவ்வளவு தொலைவில், எவ்வளவு மங்கலாக இருக்க வேண்டும் என்று தானே சொல்லித் தன்னைச் சோதனைக்குக் கொடுத்தது.

இவ்வளவு அருகில் இருப்பதை ஏன் முன்பே காணவில்லை என்ற மறுப்புக்கு முல்லரிடம் நல்ல பதில் இருந்தது. அண்டை விண்மீன்களை வானியலாளர் பெரும்பாலும் அவற்றின் வேகமான இடப்பெயர்ச்சியை வைத்தே அடையாளம் கண்டார்கள். சூரியனோடு கட்டுண்டது அப்படி நகராது. அட்டவணையில் ஏற்கெனவே ஏறியும் தொலைவு அளக்கப்படாத ஆயிரக்கணக்கான சிவப்பு விண்மீன்களில் ஒன்றாக அது கிடக்கலாம். பெர்க்லியில் அவர் குழு அவற்றை ஒவ்வொன்றாக அளக்கத் தொடங்கியது. அங்கே இந்தத் தேடலையே முனைவர் ஆய்வாகச் செய்த சால் பெர்ல்மட்டர், பின்னாளில் தொலைதூர மீவிண்மீன் வெடிப்புகளை ஆராய்ந்து 2011இல் நோபல் பரிசு பெற்றார். துணை மட்டும் சிக்கவில்லை. வைஸ் அகச்சிவப்புத் தொலைநோக்கியின் தரவுகளை அலசிய கெவின் லூமன், பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தொலைவைப் போல் 26,000 மடங்கு வரை வியாழன் அளவுள்ள பொருள்கூட இல்லை என்று 2014இல் காட்டினார். விண்மீன் என்னும் அளவுக்குப் பெரியது அதைவிடப் பன்மடங்கு தொலைவிலும் தப்பாது.

தேடல் முழுமையடையும் முன்பே நெமிசிஸின் அடித்தளம் ஆட்டம் கண்டிருந்தது என்பது என் கணிப்பு. இவ்வளவு தளர்வாகக் கட்டுண்ட துணையைக் கடந்துபோகும் ஒவ்வொரு விண்மீனும் சற்றே இழுக்கும். அதன் தவணை சுற்றுக்குச் சுற்று மாறியே தீரும். மெலட்டும் பாம்பாக்கும் 2010இல் 50 கோடி ஆண்டுப் புதைபடிவங்களை மீண்டும் ஆராய்ந்து, சுமார் 2 கோடியே 70 லட்சம் ஆண்டுத் தவணை உண்மைதான் என்றனர். ஆனால் நெமிசிஸால் தர முடியாத அளவுக்கு அது பிசகாமல் இருக்கிறது என்றும் சேர்த்துச் சொன்னார்கள். மறுபுறம், தாக்கக் குழிகளின் வயதில் ஒழுங்கான தவணை எதுவும் இல்லை என்று 2011இல் பெய்லர்-ஜோன்ஸ் புள்ளியியல் வழியே வாதிட்டார். தவணை பொய்யென்றால் விண்மீன் வேண்டியதில்லை. மெய்யென்றால் விண்மீன் போதாது. சுற்றுப்பாதை ஒருகாலத்தில் இன்னும் இறுக்கமாக இருந்தது, பிறகே நெகிழ்ந்தது என்று பதில் சொல்லலாம். அப்படிச் சொன்னால் பழைய அழிவுகளுக்கும் புதியவற்றுக்கும் ஒரே தவணை பொருந்தாது, விளக்க வந்த சான்றே கைநழுவும்.

சூரியன் எப்போதுமே தனியாக இருந்தது என்று இதற்குப் பொருளில்லை. பெர்சியஸ் மூலக்கூற்று மேகத்தின் இளம் விண்மீன்களை ஆராய்ந்த சடவோய், ஸ்டாலர் இருவரும், சூரியன் போன்றவை எல்லாமே அகன்ற இணைகளாகப் பிறக்கின்றன, பின் பல பிரிந்துவிடுகின்றன என்னும் மாதிரியை 2017இல் முன்வைத்தார்கள். அது சரியெனில் சூரியனுக்கும் உடன்பிறப்பு இருந்தது. ஆனால் டைனோசர்களுக்கு மிக முன்பே பிரிந்து பால்வெளியில் கலந்துவிட்ட அதற்கும் முல்லர் தேடியதற்கும் பொதுவாக எஞ்சுவது பெயர் மட்டுமே. நெமிசிஸைக் காட்டாத வைஸ் தரவுகளில் லூமனுக்கு வேறொன்று கிடைத்தது: 2013இல் அவர் அறிவித்த, 6.5 ஒளியாண்டு தொலைவில் ஒன்றையொன்று சுற்றும் இரு பழுப்புக் குறுமீன்கள்.