வீடு சுருக்கிய பெயரும் அலுவலகம் சுருக்கிய பெயரும்



நாங்கள் குடியேறிய நாடுகளில் அரபு மொழி பேசும் மக்கள் பலர் எங்கள் அயலவர்களாக வாழ்கின்றனர். முஹம்மத் என்ற தன் பிள்ளையை ஓர் அரபுத் தாய் ‘ஹமூதி’ என்று கூப்பிடுவதை உங்களில் சிலர் கேட்டிருப்பீர்கள். அது வாயில் வந்தபடி வைத்த செல்லப்பெயர் அல்ல. அதற்கு ஓர் ஒழுங்கும் நீண்ட வரலாறும் உண்டு.

அரபுச் சொற்களில் பெரும்பாலானவை மூன்று மெய்யொலிகளை வேராகக் கொண்டவை. ஹ, ம, த என்ற வேருக்குப் புகழ் என்பது பொருள். முஹம்மத், அஹ்மத், மஹ்மூத் எல்லாம் அந்த வேரில் பிறந்தவை. பெயரைச் சுருக்கும்போது வேரை வைத்துக்கொண்டு மற்றதை மாற்றுவார்கள். நடு மெய்யை இரட்டித்து ‘ஊ’ ஓசை சேர்ப்பது ஒரு முறை. இப்படித்தான் ஃபாத்திமா ‘ஃபத்தூம்’ ஆகிறாள். கதீஜா ‘கத்தூஜ்’ ஆகிறாள். அல்ஜீரியாவில் அப்துல் காதிர் ‘கத்தூர்’ ஆகிறார்.

இன்னொரு முறை மிகப் பழையது. ஹசன் என்பதைக் குறுக்கினால் ஹுசைன், அதாவது ‘சின்ன ஹசன்’. நபிகள் நாயகத்தின் பேரர்களான அண்ணன் தம்பியின் பெயர்கள் இவை. கி.பி. 680இல் கர்பலாவில் கொல்லப்பட்ட ஹுசைனின் பெயர் இன்று உலகெங்கும் முழுப்பெயராகவே வழங்குகிறது.

முஸ்லிம்கள் ஆண்ட ஸ்பெயினில் காலித் என்ற பெயர் ‘கல்தூன்’ ஆனது. அங்கு சென்று குடியேறிய காலித் என்பவரின் வழித்தோன்றலே வரலாற்றறிஞர் இப்னு கல்தூன். 1248இல் செவில் நகரம் வீழ்வதற்குச் சற்று முன்னர் அந்தக் குடும்பம் மீண்டும் இடம்பெயர்ந்தது. அவர் 1332இல் தூனிஸில் பிறந்தார். இரண்டு தடவை ஊர் மாறியும் மூதாதையின் அந்தப் பெயர் குடும்பத்தை விட்டுப் போகவில்லை.

அலுவலகங்கள் பெயரில் கைவைத்த கதை வேறு. அல்ஜீரியர்கள் தகப்பன், பாட்டன் பெயர்களைத் தொடராகச் சொல்லித் தம்மை அடையாளப்படுத்தியவர்கள். அங்கு ஆட்சி செய்த பிரான்ஸ், 1882 மார்ச் 23ஆம் திகதிச் சட்டத்தால் ஒவ்வொருவரும் ஒரு குடும்பப் பெயரைப் பதிய வேண்டும் என்றது. அந்தப் பெயர்த் தொடர் பதிவேட்டின் ஒரு கட்டத்துக்குள் அடைக்கப்பட்டது.

இன்றைய விண்ணப்பப் படிவங்களிலும் இதுவே நடக்கிறது. அப்துர்ரஹ்மான் என்றால் ‘அருளாளனின் அடியான்’. அதை வெட்டி ‘அப்துல்’ முதற்பெயர், ‘ரஹ்மான்’ குடும்பப் பெயர் என்று பதிந்துவிடுகிறார்கள். அப்துல் என்று மட்டும் நின்றால், யாருடைய அடியான் என்பது சொல்லப்படாமலே போகிறது.

ஆனால் அந்த மக்களே சுருக்கும்போது அந்தக் குறை தோன்றுவதில்லை. அதே அப்துர்ரஹ்மான் அல்ஜீரியாவில் ‘தஹ்மான்’ ஆவார். பிரான்சில் பல காலம் வாழ்ந்து, 1980இல் மறைந்த பாடகர் தஹ்மான் எல் ஹர்ராஷியின் இயற்பெயரும் அதுவே. நாடு விட்டுப் போகிறவனைப் பற்றி அவர் பாடிய ‘யா ராயா’ அரபு உலகெங்கும் தெரிந்த பாட்டு. தமிழ் பேசும் முஸ்லிம்களிடையிலும் அப்துல் காதரைக் காதர் என்றழைப்பது வழக்கம். அழைப்பவருக்கும் அழைக்கப்படுபவருக்கும் முழுப்பெயர் தெரியும்.

இதிலே எங்களுக்கும் ஒரு செய்தி உண்டு. ஊரில் ஓரெழுத்தாக முன்னால் நின்ற தகப்பன் பெயர், இங்கு வந்ததும் குடும்பப் பெயரானது. பாலசுப்பிரமணியம் வேலைத்தலத்தில் ‘பாலா’ ஆனார். சுருக்குவதில் பிழையில்லை. எந்தப் பெயரிலிருந்து சுருக்கினோம் என்பது பிள்ளைகளுக்குத் தெரியாமல் போவதுதான் இழப்பு. ஆகவே வீட்டில் ஒரு கொப்பியில் ஒவ்வொருவரின் முழுப்பெயர், அதன் பொருள், தாய் தகப்பன், பாட்டன் பாட்டி பெயர்கள், ஊர் ஆகியவற்றைத் தமிழில் எழுதி வையுங்கள். சொல்லித் தரக்கூடிய பெரியவர்கள் எங்களோடு இருக்கும்போதே அதைச் செய்துவிடுவது நல்லது.