செயற்கை இதய வால்வின் இயந்திரச் சிக்கல் (நோய்க் குறியீடு)

செயற்கை இதய வால்வின் இயந்திரச் சிக்கல் என்பது, இதயத்தில் பொருத்தப்பட்ட செயற்கை வால்வு உடைதல், இடம்பெயர்தல், கசிதல், அடைபடுதல் முதலிய பழுதுகளைக் குறிக்கும் நோய் வகைப்பாட்டுத் தலைப்பு ஆகும். உலக சுகாதார அமைப்பின் பன்னாட்டு நோய் வகைப்பாட்டுப் பத்தாம் திருத்தத்தில் (ஐசிடி-10) இதன் குறியீடு டி82.0 ஆகும். மருத்துவமனைப் பதிவேடுகள், காப்பீட்டுக் கோரிக்கைகள், நோய்ப் புள்ளிவிவரங்கள் ஆகியவற்றில் இது பயன்படுகிறது.

தலைப்பில் உள்ள "இயந்திர" என்னும் சொல் பழுதின் தன்மையைச் சுட்டுகிறது. உலோக வால்வு பொருத்தப்பட்டவருக்கு நேரும் சிக்கல்கள் அனைத்தும் இத்தலைப்பில் அடங்கிவிடும் என்று கருதுவது புதியவர்களிடம் காணப்படும் பிழையாகும்.

== அடங்குவனவும் அடங்காதனவும் ==

வால்வில் கிருமித்தொற்று ஏற்பட்டால் அதற்குரிய குறியீடு டி82.6. வால்வின் மீது குருதி உறைந்தாலோ, அவ்வுறைவு பெயர்ந்து சென்று வேறிடத்தில் குழாயை அடைத்தாலோ டி82.8 இடப்படுகிறது. எச்சிக்கலும் இன்றி வால்வுடன் வாழ்பவருக்கு இசட்95.2 என்பது மட்டும் போதுமானது; இது நோயைக் குறிப்பதன்று, வால்வு இருப்பதை மட்டும் குறிப்பது.

நடைமுறையில் கடினமானது, உலோக வால்வின் இதழ் அசையாமல் நின்றுவிடும் நிலையாகும். குருதி உறைவு, வால்வைச் சுற்றி வளரும் நார்த்திசு, வால்வின் உறுப்பே பழுதாதல் ஆகிய மூன்றில் எதுவும் இதற்குக் காரணமாகலாம். மூன்றிலும் நோயாளிக்கு மூச்சுத்திணறல் ஒன்றுபோலவே இருக்கக்கூடும். காரணத்தைக் குறியீட்டாளர் தாமாக ஊகித்து எழுதுதல் கூடாது. மருத்துவரின் குறிப்பில் அது தெளிவாக இல்லையெனில் அவரிடமே கேட்டறிதல் வேண்டும்.

== அமெரிக்கத் திருத்த வடிவம் ==

ஐக்கிய அமெரிக்காவில் 2015 செப்டம்பர் 30 வரை, ஒன்பதாம் திருத்தத்தின் அந்நாட்டு வடிவமே மருத்துவமனைகளில் வழங்கியது. அதில் இவ்வகைப் பழுதுகள் எல்லாவற்றுக்கும் 996.02 என்னும் ஒரே எண்தான் இருந்தது. அடுத்த நாள் நடைமுறைக்கு வந்த பத்தாம் திருத்த வடிவம் இதனை நான்காகப் பிரித்தது: உடைதலுக்கு டி82.01, இடம்பெயர்தலுக்கு டி82.02, கசிவுக்கு டி82.03, ஏனையவற்றுக்கு டி82.09. இவற்றின் பின் இடநிரப்பியாக எக்ஸ் எழுத்தும், ஏழாம் இடத்தில் ஏ, டி, எஸ் ஆகியவற்றுள் ஒன்றும் சேர்க்கப்படும். ஏ என்பது பழுதுக்கு நேரடிச் சிகிச்சை நடைபெறும் காலத்தையும், டி பின்தொடர் கவனிப்பையும், எஸ் பின்விளைவையும் குறிக்கும். உயிரியல் வால்வு ஒட்டுகளின் பழுதுகளுக்கு டி82.22 என்னும் தனிப்பிரிவு உண்டு.

== பியார்க்-ஷைலி வால்வு ==

ஒரே எண்ணில் பல பழுதுகளை அடக்குவதன் குறைபாட்டைப் பியார்க்-ஷைலி குவி-குழி வால்வின் வரலாறு விளக்குகிறது. சுவீடன் அறுவை மருத்துவர் வைக்கிங் பியார்க், அமெரிக்கப் பொறியாளர் டொனால்ட் ஷைலி ஆகியோரின் பெயரால் அறியப்பட்ட இவ்வகை வால்வு 1979 முதல் 1986 வரை விற்கப்பட்டு, உலகெங்கும் ஏறத்தாழ 86,000 பேருக்குப் பொருத்தப்பட்டது. சாய்ந்து திறக்கும் வட்டத்தட்டு ஒன்றை இரு தாங்குகம்பிகள் பிடித்திருந்தன. அவற்றுள் வெளிப்புறக் கம்பியின் இரு கால்களும் வளையத்துடன் பற்றவைக்கப்பட்டிருந்தன. அவ்விரு கால்களும் முறிந்தால் தட்டு கழன்று குருதியோட்டத்தில் சென்றுவிடும். இவ்வாறு முறிந்தவை சில நூறு. முறிவுக்கு உள்ளானவர்களில் ஏறத்தாழ மூன்றில் இருவர் உயிரிழந்தனர்.

கம்பி முறிவும் தையலோரக் கசிவும் அக்காலக் குறியீட்டில் ஒன்றே. வால்வின் வகையையோ தயாரிப்பாளரையோ குறியீடு கூறுவதும் இல்லை. ஆதலால் இவ்வால்வு பெற்றவர்களைக் கண்டறியப் பொருத்திய பதிவேடுகளையும் வரிசை எண்களையுமே நாட வேண்டியிருந்தது. வீட்டில் திடீரென இறந்த இதய நோயாளி ஒருவருக்குப் பிரேதப் பரிசோதனை செய்யப்படாவிடில் மாரடைப்பு என்றே பதிவாகிவிடும். உண்மையான முறிவு எண்ணிக்கை பதிவானதைவிட மிகுதி என்று கருதப்படுவதற்கு இது ஒரு காரணம்.

இக்கணக்கு வெறும் புள்ளிவிவரம் அன்று. நன்கு இயங்கும் வால்வை முன்னெச்சரிக்கையாக மாற்றும் அறுவைச் சிகிச்சையிலும் உயிராபத்து உண்டு. எனவே வால்வின் அளவு, பொருத்திய இடம், நோயாளியின் வயது ஆகியவற்றைக் கொண்டு முறிவு வாய்ப்பைக் கணித்து, இரு ஆபத்துகளையும் ஒப்பிட்டே முடிவெடுக்க வேண்டியிருந்தது. முறிவுகள் குறைத்துப் பதிவாகுமாயின் அறுவைச் சிகிச்சை தேவைப்படுபவர் காத்திருக்க நேரிடும்.

திருவனந்தபுரம் சிறீ சித்திரைத் திருநாள் நிறுவனத்தில் உருவாகி 1990 இல் முதன்முதலாகப் பொருத்தப்பட்ட சித்ரா வால்வின் கூடு, பற்றவைப்பு இன்றி ஒரே உலோகத் துண்டிலிருந்து கடைந்தெடுக்கப்படுவது இங்குக் குறிப்பிடத்தக்கது.

== இறப்புப் பதிவில் ==

டி வரிசைக் குறியீடுகள் காயத்தின் அல்லது சிக்கலின் தன்மையைக் கூறுவன. ஐசிடி-10 விதிகளின்படி அவை இறப்பின் அடிப்படைக் காரணமாகக் கொள்ளப்படுவதில்லை. ஆகவே அடிப்படைக் காரணத்தை மட்டும் காட்டும் இறப்புப் பட்டியல்களில் டி82.0 தென்படாது. வால்வு பழுதால் நேர்ந்த இறப்புகளைத் தேடுவோர், சான்றிதழில் எழுதப்பட்ட எல்லாக் காரணங்களையும் கொண்ட பட்டியலையே பார்க்க வேண்டும். 2022 சனவரியில் நடைமுறைக்கு வந்த ஐசிடி-11, நேர்ந்த தீங்கு, அதற்குக் காரணமான கருவி, தீங்கு விளைந்த விதம் ஆகிய மூன்றையும் தனித்தனிக் குறியீடுகளால் இணைத்து எழுத இடமளிக்கிறது.