பொன்மானின் நிறம்: 'தி பேனியன் டீர்' குறும்படத்தின் கதைத்தேர்வு குறித்து ஒரு மறுவாசிப்பு

ஃபிலிம்ஸ் டிவிஷனின் கார்ட்டூன் பிரிவு 1957இல் உருவாக்கிய 'தி பேனியன் டீர்' என்னும் வண்ணக் குறும்படத்தைப் பற்றிய ஆய்வுகளில் ஒரு முடிபு ஏறத்தாழக் கேள்வியின்றி நிலைத்துவிட்டது: அப்படம் டிஸ்னியின் 'பாம்பி'யிலிருந்து கிளைத்தது, ஆகவே இந்திய அசைவூட்டத்தின் நிறுவன வரலாறு போலச்செய்தலில் தொடங்குகிறது. இதற்குக் காட்டப்படும் சான்றை எளிதில் ஒதுக்க முடியாது. அமெரிக்கத் தொழில்நுட்ப உதவித் திட்டத்தின்கீழ் 1956இல் பம்பாய்க்கு வந்து இளம் ஓவியர்களைப் பயிற்றுவித்த கிளேர் வீக்ஸ், 'பாம்பி'யில் பணியாற்றியவர். வரையும் முறையும் விலங்கின் அசைவும் அந்தப் பள்ளியிலிருந்து வந்தவை என்பதை ஏற்கிறேன். ஆனால் கைப்பயிற்சிக்குப் பொருந்தும் விளக்கத்தைக் கதைக்கும் நிறத்துக்கும் நீட்டி, மானும் வண்ணமும் ஒரே பொட்டலமாக வந்திறங்கின என்று கொள்வதற்கு ஆதாரம் போதாது. மூலக்கதையை நெருங்கிப் படித்தால் அதற்கு எதிரான முடிவே கிடைக்கிறது.

முதலில், தேவதைக் கதைகளைத் தழுவிய அமெரிக்கக் குறும்படங்களுக்குள் நிறம் எவ்வாறு நுழைந்தது என்பதை நினைவில் கொள்வோம். முழுநிற டெக்னிகலரில் வெளிவந்த முதல் கார்ட்டூனான 'ஃப்ளவர்ஸ் அண்ட் ட்ரீஸ்' (1932) கறுப்பு வெள்ளையில் தொடங்கப்பட்டுப் பின்னர் வண்ணத்தில் திரும்பச் செய்யப்பட்டது. அம்முறையைக் கார்ட்டூனில் கையாளும் தனியுரிமை 1935 வரை டிஸ்னியிடம் இருந்ததால், அப் ஐவெர்க்ஸ் தமது 'ஜாக் அண்ட் த பீன்ஸ்டாக்' (1933) படத்தையும், ஃப்ளைஷர் நிறுவனம் 'புவர் சின்ட்ரெல்லா'வையும் (1934) இருநிறச் சினிகலரில் எடுக்க நேர்ந்தது. பின்னதில் பெட்டி பூப்பின் கருங்கூந்தல் செந்நிறமாயிற்று. கதையில் அதனால் எதுவும் மாறவில்லை. இங்கெல்லாம் நிறம் கதைக்கு வெளியிலிருந்து வந்த கவர்ச்சி. நம்மிடமும் அப்படித்தான்: மாடர்ன் தியேட்டர்ஸின் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956) கேவாகலரில் வந்து தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமாயிற்று; கறுப்பு வெள்ளையில் வந்திருந்தாலும் குகை திறந்துதான் இருக்கும்.

'தி பேனியன் டீர்' தழுவிய நிக்ரோதமிக ஜாதகம் இந்த வரிசையில் சேராது. பாலித் தொகுப்பில் 12ஆம் கதையான அதில், ஆலமான், கிளைமான் என்னும் இரு தலைவர்களின் மந்தைகள் காசி மன்னன் பிரம்மதத்தனின் வேட்டைக்காக ஒரே பூங்காவுக்குள் அடைக்கப்படுகின்றன. ஆலமானைப் பொன்னிற மேனியும் மணி போன்ற கண்களும் வெள்ளிக் கொம்புகளும் சிவந்த வாயும் அரக்குப் பூசியது போன்ற குளம்புகளுமாகக் கதை விரித்துரைக்கிறது. இதை வழக்கமான அணி வருணனை என்று கடந்துவிடுவதே இதுவரையான வாசிப்பு. ஆனால் மன்னன் மந்தையைப் பார்வையிடும்போது பொன்னிற மான்கள் இரண்டைக் கண்டு, அவற்றுக்கு மட்டும் உயிர்ப்பிச்சை அளிக்கிறான். மற்ற மான்கள் நாளுக்கு ஒன்றாக முறைவைத்துச் சாகின்றன. கிளைமான் மந்தையைச் சேர்ந்த சினைமான் ஒன்றின் முறை வரும்போது அதன் தலைவன் விலக்களிக்க மறுக்கிறான். ஆலமான் அதற்குப் பதிலாகத் தன் தலையைக் கொலைக்கட்டையில் வைக்கிறது. நிறத்தால் விலக்குப் பெற்றிராவிட்டால், அதுவும் ஒருநாள் தன் முறைக்கு வந்து சாகவேண்டிய மான்தான். அதன் ஈகம் வெறும் முறைமாற்றமாகச் சுருங்கியிருக்கும். மடைப்பள்ளியான் வெட்டாமல் மன்னனிடம் ஓடுவதும், உயிர்ப்பிச்சை பெற்ற மான் இது என்று அடையாளம் கண்டதால்தான். கதையின் இரு திருப்பங்களும் நிறத்தின்மேல் நிற்கின்றன. அதன்பின் ஆலமான் படிப்படியாக வாதாடி, சினைமானுக்கும், பூங்காவின் எல்லா மான்களுக்கும், நாற்கால் விலங்குகளுக்கும், பறவைகளுக்கும், மீன்களுக்கும் அபயம் பெறுகிறது. அழகுக்குத் தரப்பட்ட சலுகை உயிருக்கு உரிய நீதியாக விரிவதே இக்கதையின் நடை. தொடக்கத்தில் பொன்னிறம் கண்ணுக்குத் தெரியாவிட்டால், முடிவில் அது தேவையற்றுப் போவதும் விளங்காது.

பொன்மான்தான் தேவை என்றால் ருரு ஜாதகத்தையே எடுத்திருக்கலாமே என்று கேட்கலாம். அங்கும் மான் பொன்னிறமே. ஆயினும் அந்த நிறம் அரசியின் ஆசையைத் தூண்டி மானை வேட்டைப்பொருளாக்குகிறது. நம் காவிய மரபில் சீதையை மயக்கிய மாரீசனின் பொன்மானும் அந்தப் பக்கத்தைச் சேர்ந்ததே. நிறம் காப்பாகவும், துறக்கவேண்டிய சலுகையாகவும் வருவது ஆலமான் கதையில்தான். 1956இல் அரசு கொண்டாடிய புத்தரின் 2500ஆம் ஆண்டு விழாவே கதைத்தேர்வுக்குக் காரணம் என்பாரும் உளர். ஜாதகம் ஒன்றை நாடியதற்கு அது காரணமாகலாம். 547 கதைகளில் இந்த ஒன்றை ஏன் எடுத்தார்கள் என்பதற்கு அது விடையாகாது. 'பாம்பி'யோடான ஒப்புமையோ மானோடு நின்றுவிடுகிறது: அங்கே மனிதன் திரையில் தோன்றாத அச்சம், இங்கே மான் நேர்நின்று வாதாடித் திருத்தும் அரசன். பசுவின் முறையீட்டுக்கு மனுநீதிச் சோழன் இரங்கிய கதை தெரிந்த பார்வையாளருக்கு இது புதிய அரசியலன்று. குழந்தைகளுக்கான படத்தில் இவ்வளவு தேடலாமா என்ற ஐயத்துக்கு நீண்ட மறுமொழி வேண்டியதில்லை. ஜாதகங்களும் எளியோருக்குச் சொல்லப்பட்டவையே. நிறம் பொருள் சுமப்பதும் நம் காட்சி மரபுக்கு அயலன்று. சங்கரன்கோவில் சங்கரநாராயணரை அச்சுப்படத்தில் காண்பவர், மழுவையும் சங்கையும் தேடுமுன்பே வெண்பாதியையும் நீலப்பாதியையும் கொண்டு இருவரையும் பிரித்தறிகிறார்.

படத்தை உருவாக்கியோர் இவ்வாறு எண்ணியே கதையைத் தேர்ந்தனர் என்று நான் வாதிடவில்லை. தேர்ந்த கதை நிறத்தைக் கேட்கும் கதை என்பதே என் முடிபு. அது போதும், போலச்செய்தல் என்னும் தீர்ப்பை நிறுத்திவைக்க. ஃபிலிம்ஸ் டிவிஷனின் தொடக்ககாலக் கார்ட்டூன்களை மதிப்பிடுவோர், வரைந்தவர் எங்கே பயின்றார் என்பதோடு, வண்ணத்தை நீக்கினால் கதையில் எது உடைகிறது என்பதையும் கேட்க வேண்டும். 'புவர் சின்ட்ரெல்லா'வில் எதுவும் உடையாது. ஆலமான் கதையில் அரசன் இரங்குவதற்கான காரணமே உடைந்துபோகும். டிஸ்னியின் மாணவர்கள் என்று நாம் அழைக்கும் அந்த ஓவியர்கள், தங்கள் ஆசிரியரின் கருவியைத் தங்கள் நிலத்தின் கதையொன்றுக்கு, அது உண்மையாகவே தேவைப்பட்ட இடத்தில் பயன்படுத்தினார்கள். அவர்களுக்கு உரிய அந்த மதிப்பை நம் வரலாற்றெழுத்து இனியாவது தரவேண்டும்.