பரீட்சை மண்டபமும் நீதிமன்றமும்

1957ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்திலே திருகோணமலைத் துறைமுகத்தின் பிரித்தானியக் கடற்படைத் தளம் இலங்கையிடம் ஒப்படைக்கப்பட்டது. ஒன்றரை நூற்றாண்டுக்கு மேலாக அக்குடாவிற் பறந்த கொடி இறங்கிற்று. ஆயினும் அதன் பின்னரும், 1960இல், இந்நாட்டு மாணவன் ஒருவனின் பரீட்சை வழக்கு இலண்டன் மாநகரிலேதான் முடிவுற்றது. கப்பல்கள் போய்விட்டன, நீதியின் கடைசிப் படியோ கடலுக்கு அப்பாலே இருந்தது.

'இலங்கைப் பல்கலைக்கழகம் எதிர் பெர்னாண்டோ' என்று சட்ட நூல்கள் கூறும் வழக்கு அது. 1952இல் நடந்த விஞ்ஞான இறுதிப் பரீட்சையில், ஜேர்மன் மொழிப் பந்தியொன்றை மொழிபெயர்க்க வேண்டியிருந்தது. அப்பந்தியை அம்மாணவர் முன்னரே அறிந்திருந்தார் என்று உடன்பயின்ற மாணவி ஒருவர் முறையிட்டார். துணைவேந்தரும் வேறிருவரும் விசாரணை நடத்தினர். மாணவரையும் அழைத்துக் கேட்டனர். ஆனால் முறையிட்டவரை அவர் இல்லாத வேளையிலே கேட்டனர். முடிவில், பல்கலைக்கழகப் பரீட்சை எதற்கும் தோற்றாதவாறு அவர் காலவரையறையின்றித் தடுக்கப்பட்டார்.

கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவரது வழக்கைத் தள்ளிற்று. உயர் நீதிமன்றம் அவர் பக்கம் தீர்த்தது. பல்கலைக்கழகம் பிரிவி கவுன்சில் எனப்படும் கோமறைக் கழகத்திற்கு மேன்முறையீடு செய்தது.

கோமறைக் கழகம் ஒன்றை ஒப்புக்கொண்டது: இத்தகைய விசாரணை இயற்கை நீதிக்குக் கட்டுப்பட்டதே, குற்றச்சாட்டை மாணவனுக்கு அறிவித்து, மறுமொழி கூற இடமளித்தல் வேண்டும். ஆயினும் வெற்றி பல்கலைக்கழகத்திற்கே கிடைத்தது. ஏன்? முறையிட்டவரைக் குறுக்கு விசாரணை செய்ய விடும்படி மாணவர் கேட்கவில்லை. கேட்டு மறுக்கப்பட்டிருந்தால் நிலைமை வேறு என்பது அக்கழகத்தின் கருத்து.

நேயர்களே, இங்கேதான் நாம் சற்றுத் தரித்துச் சிந்திக்கவேண்டும். பேரறிஞர் மூவர் முன் தனியே அமர்ந்திருக்கும் மாணவன், தனக்கு எவ்வுரிமை உண்டென்பதை எங்ஙனம் அறிவான்? சட்டத்தரணிக்கு இயல்பான கேள்வி அவன் நாவில் எழுமா?

அயல்நாட்டிலும் இவ்வினா எழுந்தது. கருத்துக் கேளாது பெறுபேறுகளை இரத்துச் செய்தல் தகாதென்று இந்திய உச்ச நீதிமன்றம் 1962இல் தீர்த்தது. விதியில் இடமில்லாதபோது மறுமதிப்பீட்டை உரிமையாகக் கோரமுடியாதென்று 1984இல் கூறிய அதே மன்று, திருத்திய விடைத்தாளைப் பார்க்கும் உரிமை மாணவனுக்குண்டு என்று 2011இல் தீர்ப்பளித்தது. புள்ளியிடுதல் ஆசிரியர் தொழில். அது நேர்மையாக நடந்ததா என்று பார்ப்பதே நீதிமன்றத்தின் தொழில் எனலாம்.

கோமறைக் கழகத்திற்கு முறையிடும் வழக்கம் 1971இல் ஒழிந்தது. இன்று திருகோணமலையிலேயே கிழக்குப் பல்கலைக்கழகத்தின் வளாகமொன்று இயங்குகின்றது. அங்கே பயிலும் மீனவர் வீட்டுப் பிள்ளைக்கும் விவசாயி வீட்டுப் பிள்ளைக்கும் ஒரு பரீட்சை என்பது குடும்பத்தின் பல்லாண்டு உழைப்பு. கேட்டால்தான் கிடைக்கும் உரிமை கேட்கத் தெரிந்தவனுக்கே பயன்படும். ஆதலால், "உனக்கு இவ்வுரிமை உண்டு" என்று விசாரிப்போரே முதலில் எடுத்துரைப்பது நன்று. கல்வி தரும் நிலையம் அதனையும் கற்பித்தல் முறையன்றோ?