இலங்கையில் பெண்களின் வாக்குரிமை: நாம் மறந்த சில பெயர்கள்

எமது சங்கம் தோன்றிய 1920களின் நடுப்பகுதியில் இந்நாட்டில் எந்தப் பெண்ணுக்கும் வாக்குரிமை இருக்கவில்லை. சங்கத்தின் முதற் கூட்டங்களுக்கு வந்திருந்த எமது மூத்தோர் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள், பலர் ஆசிரியைகள். இங்கிலாந்து அரசர்களின் ஆட்சி ஆண்டுகளை வரிசையாகச் சொல்லவும் சொல்லிக்கொடுக்கவும் வல்லவர்கள். ஆயினும் சட்டநிரூபண சபைக்கு ஒருவரைத் தெரிவுசெய்யும் தகுதி அவர்களுக்கு இல்லையென்றே சட்டம் சொல்லிற்று. ஆண்களிலும் சொத்து, வருமானம், கல்வி என்ற அளவுகோல்களைத் தாண்டியவர்களுக்கே வாக்கு இருந்தது. மொத்த மக்கட்தொகையில் நூற்றுக்கு நான்கு பேரளவில்தான் வாக்காளர்.

இதன்பின் நடந்ததை நாமெல்லாரும் பரீட்சைக்காக ஒரு வரியில் மனனஞ் செய்தோம்: 1931இல் டொனமூர் அரசியலமைப்பு சர்வசன வாக்குரிமையை வழங்கியது. இந்த "வழங்கியது" என்ற சொல்லைப் பற்றித்தான் இக்கட்டுரையில் சில விடயங்களை எடுத்துரைக்க விரும்புகிறோம். வழங்கியவர்களின் பெயர் பாடநூலில் உண்டு. கேட்டவர்களின் பெயர் அங்கே இல்லை.

டொனமூர் பிரபுவின் தலைமையிலான ஆணைக்குழு கொழும்புக்கு வந்தது 1927 நவம்பரில். அதே மாதத்தின் இறுதியில் மகாத்மா காந்தி யாழ்ப்பாணத்தில் இருந்தார். யாழ்ப்பாணத்தவரின் நினைவில் அந்த நவம்பர் காந்தியின் நவம்பராகவே நிலைத்துவிட்டது. கொழும்பிலோ அடுத்த மாதமே பெண்கள் வாக்குரிமைச் சங்கம் என்றோர் அமைப்பு உருவாயிற்று. டயஸ் பண்டாரநாயக்கா சீமாட்டி அதன் தலைவி. செயலாளர் அக்னஸ் டி சில்வா, கண்டியைச் சேர்ந்த ஜோர்ஜ் ஈ. டி சில்வாவின் மனைவி, பறங்கியர் குடும்பத்திற் பிறந்தவர். டாக்டர் மேரி இரத்தினமும் இச்சங்கத்தின் முன்னணியில் நின்றார். கனடாவிற் பிறந்து, அமெரிக்க மிஷனின் மருத்துவராக யாழ்ப்பாணம் வந்து, தமிழரொருவரை மணந்து இந்நாட்டவராகவே வாழ்ந்து மறைந்தவர் அவர். 1909இல் தோன்றிய தமிழ் மாதர் சங்கத்தின் தோற்றத்திலும் அவருடைய பெயரே முதலில் வரும்.

இவர்கள் வசதி படைத்த குடும்பத்துப் பெண்கள் என்பதை மறைக்கவேண்டியதில்லை. அவர்கள் முதலிற் கேட்டதும் படித்த, தகுதியுள்ள பெண்களுக்கான மட்டுப்படுத்தப்பட்ட வாக்குரிமையே. ஆனால் ஆணைக்குழுவின் முன் சாட்சியமளிக்கச் சென்ற இடத்தில் ஒரு கேள்வி எழுந்தது: தோட்டங்களில் வேலைசெய்யும் இந்தியத் தமிழ்ப் பெண்களுக்கும் வாக்கு வேண்டுமென்கிறீர்களா? அக்னஸ் டி சில்வா தயங்கவில்லை. நிச்சயமாக, அவர்களும் பெண்கள்தானே, எல்லாப் பெண்களுக்கும் வாக்கு வேண்டும் என்ற கருத்திலேயே அவருடைய பதில் அமைந்தது.

இப்பதிலின் கனத்தை அக்காலத்துச் சூழலில் வைத்தே பார்க்கவேண்டும். அன்றைய தலைவர்களுட் பெரும்பாலோர் ஆண்களிலேயே எல்லோருக்கும் வாக்குக் கொடுக்க விரும்பாதவர்கள். ஏ. ஈ. குணசிங்கவின் தொழிற்சங்கத்தினர் போன்ற சிலரைத் தவிர்த்தால், கூலித்தொழிலாளி வாக்களிப்பதை அவர்களால் கற்பனைசெய்யவும் முடியவில்லை. தோட்டத் தொழிலாளர் வாக்களிப்பதோ சிங்களத் தலைவர் பலருக்குப் பேரச்சம். கொழுந்து பறிக்கும் பெண் அந்தப் பட்டியலின் கடைசியிலும் இல்லை. அவளையும் வாக்காளராக எண்ணிப் பார்த்தது, மேட்டுக்குடிப் பெண்ணொருவர் அந்தக் கணத்திற் சொன்ன ஒரு பதில். இலங்கையின் அரசியற் சிந்தனை வரலாற்றை எழுதுவோர் இதனை ஒரு சிந்தனையாகக் கொள்வதில்லை; சுவையான சிறு சம்பவமாகச் சொல்லிக் கடந்துவிடுகிறார்கள். யார் குடிமக்கள் என்ற கேள்விக்கு அக்காலத்தில் இந்நாட்டிற் சொல்லப்பட்ட மிக விரிந்த விடைகளுள் இது ஒன்று என்பது எமது கருத்து.

எதிர்த்தவர்களுள் முதன்மையானவர் சேர் பொன்னம்பலம் இராமநாதன். இதை எழுதும்போது எமக்குச் சிறிது சங்கடமாகவே இருக்கிறது. பெண் கல்விக்காக 1913இல் மருதனார்மடத்தில் இராமநாதன் கல்லூரியை நிறுவிய பெருமகன் அவர். அவருக்கு நாம் பட்ட கடன் சிறிதன்று. அவரே பெண்களுக்கு வாக்குரிமை கூடாதென்று வாதிட்டார். பன்றிகளின் முன் முத்துக்களை எறியவேண்டாம் என்ற விவிலிய உவமையை அவர் இவ்விடயத்திற் பயன்படுத்தியது பின்னாளில் பெண்கள் இயக்கத்தின் வரலாற்றை எழுதியவர்களுக்கு மறக்கமுடியாத சொல்லாயிற்று. பெண்ணுக்குக் கல்வி வேண்டும், ஆனால் அக்கல்வி இல்லத்தை நல்லில்லமாக்கவே வேண்டும் என்பது அவர் மட்டும் கொண்டிருந்த கருத்தல்ல. 1824இல் உடுவிலில் மிஷனரிமார் பெண்களுக்கான விடுதிப் பாடசாலையைத் தொடங்கியபோதும், வட்டுக்கோட்டை செமினரியிற் படித்த இளைஞருக்கு ஏற்ற மனைவியரை உருவாக்குவது அவர்களின் நோக்கங்களுள் ஒன்று. சைவரும் கிறிஸ்தவரும் பலவற்றில் முரண்பட்ட யாழ்ப்பாணத்தில் இந்த ஒரு விடயத்தில் மட்டும் ஒற்றுமை இருந்தது. படித்த பெண் தானாகச் சிந்திக்கத் தொடங்குவாள் என்பதை இரு சாராரும் அவ்வளவாக எதிர்பார்க்கவில்லைப் போலும்.

ஆணைக்குழு தன் அறிக்கையில் ஆண்களுக்கு 21 வயதிலும் பெண்களுக்கு 30 வயதிலும் வாக்குரிமை என்று சிபாரிசு செய்தது. இறுதியில் இரு பாலாருக்கும் 21 என்றாயிற்று. இங்கிலாந்துப் பெண்கள் ஆண்களுக்குச் சமமான வயதில் வாக்குரிமை பெற்றது 1928இல். இலங்கைப் பெண்கள் மூன்றே ஆண்டுகள் பிந்தி 1931இல். டொனமூர் திட்டம் சட்டநிரூபண சபையில் 19க்கு 17 என்ற வாக்குகளால், அதாவது இரண்டே வாக்குகளால், நிறைவேறியது என்பதையும் இவ்விடத்திற் சொல்லிவைக்கலாம்.

யாழ்ப்பாணத்துப் பெண்களின் கதை இங்கே ஒரு வளைவு எடுக்கிறது. டொனமூர் அரசியலமைப்பு பூரண சுயாட்சியைத் தரவில்லையென்று யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ் 1931 தேர்தலைப் பகிஷ்கரித்தது. பகிஷ்கரிப்புத் தீர்மானம் உருவான அந்த ஆண்டு மகாநாட்டுக்கு இந்தியாவிலிருந்து வந்து உரையாற்றியவர் கமலாதேவி சட்டோபாத்தியாய. பெண்ணொருவரின் அரசியல் உரையைக் கேட்க யாழ்ப்பாணம் அன்று திரண்டது. யாழ்ப்பாணம், ஊர்காவற்றுறை, காங்கேசன்துறை, பருத்தித்துறை ஆகிய நான்கு தொகுதிகளிலும் நியமனப் பத்திரம் தாக்கல் செய்ய ஒருவரும் வரவில்லை. இந்த வெற்றிடங்கள் 1934இலேயே நிரப்பப்பட்டன. எனவே கொழும்பிலும் கண்டியிலும் உள்ள பெண்கள் 1931 யூனில் முதன்முறையாக வாக்களித்தபோது, இந்நான்கு தொகுதிகளின் பெண்கள் தமக்குப் புதிதாகக் கிடைத்த உரிமையை மூன்றாண்டுகள் பயன்படுத்தாமலே இருந்தார்கள். பகிஷ்கரிப்பு சரியா பிழையா என்று எத்தனையோ பேர் எழுதிவிட்டார்கள். பெண்களின் முதல் வாக்கு அதிலே போயிற்று என்பதை மட்டும் அவர்களிற் பெரும்பாலோர் குறிப்பிடுவதேயில்லை.

அரசாங்க சபைக்குச் சென்ற முதற் பெண் அடெலின் மொலமூரே. 1931 பிற்பகுதியில் ருவன்வெல்லத் தொகுதியில் தந்தையார் மீதெனிய அதிகாரம் காலமானதையடுத்து நடந்த இடைத்தேர்தலில் வென்றார். சபாநாயகர் ஆசனத்தில் அப்போது இருந்தவர் அவருடைய கணவர். இரண்டாமவர் எம்மவர், நேசம் சரவணமுத்து. கொழும்பு வடக்கில் வென்ற டாக்டர் இரத்தினசோதி சரவணமுத்து தேர்தல் மனுவினால் ஆசனத்தை இழக்க, 1932இல் மனைவி அத்தொகுதியிற் போட்டியிட்டு வென்றார். கணவரின் இடத்தை நிரப்பப் போனவர் என்றே அவரைப் பற்றிப் பொதுவாகச் சொல்லப்படும். ஆனால் 1936 பொதுத்தேர்தலில் நடந்தது என்ன? அடெலின் மொலமூரே ருவன்வெல்லவில் என். எம். பெரேராவிடம் தோற்றார். நேசம் சரவணமுத்து கொழும்பு வடக்கில் மீண்டும் வென்றார். பல இனத்தவரும் வாழும் தலைநகர்த் தொகுதியொன்று ஒரு தமிழ்ப் பெண்ணை இரண்டு முறை தெரிவுசெய்தது. 1941இல் இறக்கும்வரை அவர் சபையில் இருந்தார். கணவர் 1937இல் கொழும்பு மாநகர முதல்வரானார். இன்று அவர் பெயர் ஓரளவு தெரிந்திருக்கிறது, இவர் பெயரைச் சொன்னால் "அவருடைய மனைவியா?" என்கிறார்கள்.

தந்தையின் ஆசனம், கணவரின் ஆசனம் என்ற இந்த வழி பிற்பாடும் மாறவில்லை. நேசம் சரவணமுத்துவுக்குப் பின் இந்நாட்டு நாடாளுமன்றத்தில் ஒரு தமிழ்ப் பெண் அமர ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் சென்றன. 1980இல் பொத்துவில் தொகுதிக்கு ரங்கநாயகி பத்மநாதன் வந்தார். அதுவும் சகோதரர் கனகரத்தினம் மறைந்த பின்னரே.

சபைக்குப் போனவர்களை மட்டும் பார்த்தால் போதாது. 1923இல் யாழ்ப்பாணத்திலே "தமிழ்மகள்" என்ற பத்திரிகையைத் தொடங்கி, அதன் ஆசிரியராகவும் இருந்தவர் மங்களம்மாள் மாசிலாமணி. பெண்களுக்காகப் பெண்ணே நடத்திய பத்திரிகை. பெண்களின் கல்வியையும் உரிமையையும் பற்றித் தமிழில், வீட்டிலிருந்து வாசிக்கும் பெண்ணுக்கு விளங்கும்படி பேசிற்று. கொழும்புச் சீமாட்டிகள் ஆங்கிலத்தில் ஆணைக்குழுவிடம் பேசுவதற்கு நான்காண்டுகள் முந்தியது இது.

மலையகத்தில் மீனாட்சியம்மாள் நடேசய்யர். கோ. நடேசய்யரின் வாழ்க்கைத் துணைவி என்ற அறிமுகத்தை நாமும் தவிர்க்க முடியவில்லை. ஆனால் அவ்வம்மையார் "தேசபக்தன்" பத்திரிகையில் எழுதினார், அதை நடத்துவதிற் பங்கேற்றார், பெண்களுக்கு வாக்குரிமை வேண்டுமென்று தமிழில் வாதிட்டார். தோட்டங்களிற் கூட்டம் போடும்போது பாடினார். எழுத்தறியாத மக்களிடம் அரசியலைக் கொண்டுசெல்லப் பாட்டை விடச் சிறந்த வழி அந்நாளில் இருக்கவில்லை. அக்காலத்தில் பலர் வாயிலும் இருந்த மெட்டுகளிலே அவர் தொழிலாளரின் குறைகளைப் பாடினார். கேட்டவர் அடுத்த நாள் மலையிற் கொழுந்து கிள்ளும்போது பாடக்கூடிய பாட்டுகள். 1939இல் அரசாங்கத் திணைக்களங்களில் நாட்சம்பளத்துக்கு வேலைசெய்த இந்தியரை நீக்கும் முடிவு வந்தபோது எழுந்த கொந்தளிப்பையடுத்து, 1940இல் "இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை" என்ற பாடற் பிரசுரத்தை வெளியிட்டார். இதை இலக்கிய வரலாற்றில் நாட்டார் மரபுக்கு அருகில் வைக்கிறார்கள். அரசியல் வரலாற்றிற் பெரும்பாலும் வைப்பதேயில்லை. அதே பொருளைப் பற்றி ஆண்கள் சபையில் ஆற்றிய உரைகள் மட்டும் அரசியல் ஆவணங்கள்.

அக்னஸ் டி சில்வா யாருக்காக அன்று அப்படிப் பதில் சொன்னாரோ, அந்தத் தோட்டத்துப் பெண்கள் என்ன ஆனார்கள்? 1931இல் அவர்களிற் சிலருக்கு வாக்கு வந்தது. வதிவிட நிபந்தனைகள் பலரை வெளியே நிறுத்தின. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டமும் அடுத்த ஆண்டின் தேர்தற் சட்டத்திருத்தமும் வந்ததோடு வந்த வாக்கும் போயிற்று. 1952 தேர்தலில் மலையகத்துப் பெண் மீண்டும் 1927இல் நின்ற இடத்தில் நின்றாள். 1964 ஒக்டோபரில் ஸ்ரீமா-சாஸ்திரி ஒப்பந்தப்படி 525,000 பேரை இந்தியா ஏற்பதென்றும் 300,000 பேருக்கு இலங்கை குடியுரிமை அளிப்பதென்றும் முடிவாயிற்று. மிகுதி 150,000 பேரின் தலைவிதி பின்னர் பார்ப்போம் என்று விடப்பட்டது. ஒப்பந்தத்திற் கையொப்பமிட்டவர் உலகின் முதற் பெண் பிரதமர். பெண்கள் வாக்குரிமைச் சங்கத்தின் தலைவியாயிருந்த டயஸ் பண்டாரநாயக்கா சீமாட்டியின் மருமகள் அவர். பெண்ணொருவர் ஆட்சிக்கு வந்தால் பெண்களுக்கு விடிவு என்று எளிதாகச் சொல்வோர் இந்தப் பக்கத்தையும் வாசிக்கவேண்டும். நாடற்றவராய் எஞ்சியிருந்தோருக்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003இலேயே நிறைவேறியது.

இம்மலருக்காகப் பழைய அங்கத்தவர் பட்டியல்களைப் புரட்டியபோது, ஆரம்ப காலத்துப் பெயர்களிற் பாதிக்கு மேல் "திருமதி" என்ற சொல்லும் அதன்பின் கணவரின் பெயரும்தான். அக்கால வழக்கம் அது. ஆனால் அவர்களுள் யார் "தமிழ்மகள்" வாசித்தார்கள், யார் கமலாதேவியின் உரையைக் கேட்கப் போனார்கள், 1934இல் முதன்முறையாக வாக்குச்சாவடிக்குப் போனவர் யார் என்று தேடப் புகுந்தால், முதலில் அவர்களின் சொந்தப் பெயரையே கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது. 1981இல் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்தபோதும், பின்னர் இடப்பெயர்வுகளின்போதும் அழிந்த தாள்கள் எத்தனையோ. எஞ்சியவை வீடுகளிலேதான் இருக்கக்கூடும்.

ஆகவே பழைய மாணவிகளிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் பாட்டிமார், பூட்டிமார் விட்டுச்சென்ற பெட்டிகளில் 1920கள், 1930களின் பத்திரிகைப் பிரதிகள், கடிதங்கள், நாட்குறிப்புகள், வாக்காளர் அட்டைகள், கூட்ட அறிவித்தல்கள் ஏதேனும் இருந்தால், தாள் உடைந்து போயிருந்தாலும், எறிந்துவிடாதீர்கள். படம் பிடித்தோ பிரதி எடுத்தோ சங்கத்திடம் தாருங்கள். அவரின் பிள்ளைப்பருவப் பெயர், படித்த ஆண்டுகள், ஊர் என்பவற்றையும் சேர்த்து எழுதி அனுப்புங்கள். வெளிநாடுகளில் இருப்போர் அங்குள்ள கிளைகள் மூலம் சேர்ப்பிக்கலாம்.